மனிதக் குரல் கூடாது

டிசம்பர் நிகழ்ச்சியை பாலின்ட் சார் ரத்து செய்ததற்கு உடல்நிலைதான் காரணம் என்று பத்திரிகையில் போட்டிருந்தார்கள். அவர் உடம்புக்கு ஒன்றும் இல்லை. அறுபத்திரண்டு வயதில் என்னைவிட வேகமாக மாடி ஏறுகிற மனிதர். காரணம் நான். நான் செய்த ஒரு வேலை, அதை மறைக்க நான் சொன்ன ஒரு பொய். யாரும் என்னைக் கேட்கவில்லை. கேட்காவிட்டாலும் சொல்லத்தான் போகிறேன், இல்லையென்றால் மண்டை வெடித்துவிடும்.

என் பெயர் கோகிலவாணி. பெயரில்தான் குயில் இருக்கிறது, குரல் கட்டைக் குரல். கோவிலம்பாக்கத்தில் ஒரு ஹார்டுவேர் கடைக்கு மேலே இரண்டு அறை எடுத்து, சினிமாவுக்கும் சீரியலுக்கும் சத்தம் சுத்தம் செய்து கொடுக்கிறேன். போர்டில் சவுண்ட் எடிட்டர் என்று எழுதியிருக்கும். நடிகை கண்ணீர் விட்டுப் பேசும்போது பின்னால் ஜெனரேட்டர் உறுமும், ஆட்டோ ஹாரன் அடிக்கும், லைட்மேன் ஒருவர் இருமுவார். அதையெல்லாம் பிடுங்கி எறிவது என் வேலை. நான் நன்றாகச் செய்தால் நான் இருந்ததே தெரியாது. இருபது வருடமாக அதில் எனக்குக் கொஞ்சம் தலைக்கனமும் உண்டு.

பாலின்ட் சாரின் முழுப்பெயர் செந்த்ரெய் பாலின்ட். ஹங்கேரிக்காரர். அங்கே குடும்பப் பெயரை முன்னால் வைத்துக்கொள்வார்களாம், நாம் அப்பா இனிஷியலை வைப்பது போல. முடிச்சூரில் அவருக்கு மாடியை வாடகைக்கு விட்ட ஜெயவேலு அண்ணன் இதைக் கேட்டுப் பூரித்துப் போய், "அப்ப இவரு எஸ். பாலு, நம்மாளுதான்" என்று அறிவித்துவிட்டார். ஒரு காலத்தில் ஏரிப் பாசனத்தில் நெல் போட்டவர் ஜெயவேலு, இப்போது அதே நிலத்தில் மூன்று வீடுகளுக்குச் சொந்தக்காரர். அவர் சொன்ன பிறகு தெருவே பாலு சார் என்றுதான் கூப்பிட்டது.

சாரின் அப்பா இரும்பாலைத் தொழிலாளி. சார் வயலினுக்கு அண்ணன் மாதிரியான வயோலா படித்துவிட்டு, புதாபெஸ்டில் படங்களுக்கு வாசிக்கும் ஒரு வாத்தியக் குழுவில் சேர்ந்தார். வாசிப்பதோடு நிற்காமல் டாகுமெண்டரிகளுக்கு இசை போட்டார், மூடிப்போன ஆலைகளுக்குள் போய் ஓசைகளைப் பதிவு செய்து கண்காட்சி மாதிரி ஒலிக்க விட்டார். நம் ஊர் இசையமைப்பாளர்கள் பின்னணி இசைக்கு அந்த ஊருக்குப் போவது வழக்கமாகிவிட்ட காலம். அப்படிப் போன ஒருவர், இரண்டு வாரம் வந்து ஒத்தாசை செய்யுங்கள் என்று 2011இல் இவரைக் கூட்டி வந்தார். இரண்டு வாரம் வருடக்கணக்கில் நீண்டது. வெள்ளைக்காரர் என்று முதல் ஆறு மாதம் எல்லோரும் பல்லைக் காட்டினார்கள். அப்புறம் நம்மைக் காக்க வைப்பது போலவே அவரையும் காக்க வைத்தார்கள். பெரிய படங்களில் டைட்டிலின் கடைசியில், யாரும் படிக்காத இடத்தில் அவர் பெயர் ஓடும்.

ஏன் முடிச்சூர் என்று எல்லோரும் கேட்பார்கள். தவளைகளுக்காக. வீடு கட்டாத பிளாட்டுகளில் மழைக்காலத்தில் தண்ணீர் நிற்கும், தவளைகள் கத்தும். "இது இலவச கோரஸ், வாணி" என்பார். மழையோ வெயிலோ, தினமும் காலை ஒரு மணி நேரம் மொட்டை மாடியில் ரெக்கார்டரை வைத்துவிடுவார். படத்தில் இசை வேறு, சத்தம் வேறு என்று அவருக்குக் கிடையாது. காற்றையும் ரயிலையும் வயோலாவுக்குப் பக்கத்தில் உட்கார வைப்பார். அதற்காக ஒரே ஒரு சட்டம் வைத்திருந்தார். பின்னணிச் சத்தத்தில் மனிதக் குரல் கூடாது. எங்கோ ஒருவன் பேசினால்கூடப் பார்க்கிறவன் காது அங்கே ஓடிவிடும், திரையில் இருப்பவளை விட்டுவிடும். எனவே அவர் பதிவு செய்ததில் யார் பேசினாலும், சிரித்தாலும், திட்டினாலும் நான் வெட்டிவிட வேண்டும். அந்தச் சட்டத்துக்கு நான் அடிமை மாதிரி நடந்தேன்.

2015 டிசம்பர் இரண்டாம் தேதி விடியும்போது முடிச்சூர் தண்ணீருக்குள் இருந்தது. மழை கொஞ்சம் ஓய்ந்திருந்த நேரம். அன்றைக்கும் சார் கைப்பிடிச் சுவர் மேல் ரெக்கார்டரை வைத்து, ஒரு குடையையும் கட்டிவிட்டுக் கீழே இறங்கினார். ஜெயவேலு அண்ணன் வீட்டுச் சாமான்களை மேலே ஏற்ற உதவி செய்துகொண்டிருந்தார். ஒரு மணி பத்து நிமிடம் ரெக்கார்டர் தனியாக ஓடியது. ஜெயவேலு அண்ணன் கீழே ஒதுக்கிக் கொடுத்திருந்த அறையில் இருந்த அவருடைய ஹார்ட் டிஸ்க்குகள் எல்லாம் போயின, நான்கு வருடத் தவளைகள் உட்பட. ஒரு வாரம் கழித்து ஜெயவேலு அண்ணனின் லுங்கியைக் கட்டிக்கொண்டு என் ஸ்டுடியோவுக்கு வந்தார். ஒரு மெமரி கார்டை நீட்டி, "இதுதான் மிச்சம்" என்றார். காப்பி எடுத்துக்கொண்டு, வழக்கம் போல கார்டை அழித்துத் திருப்பிக் கொடுத்தேன்.

பிப்ரவரியில் ஒரு புது டைரக்டரின் படத்துக்கு முழு இசையும் சார் கைக்கு வந்தது. வந்து ஐந்து வருடத்தில் முதல் முறை. அதில் ஒரு பெண் ஆற்றோரம் உட்கார்ந்திருப்பாள், வீட்டுக்குத் திரும்பிப் போவதா வேண்டாமா என்று. ஒன்பது நிமிடம், வசனமே இல்லை. அந்தக் காட்சிக்குப் பாட்டு வேண்டாம், தண்ணீர் போதும் என்று சார் சொல்லி, அந்த வெள்ளத்துப் பதிவை எடுத்துக்கொள்ளச் சொன்னார்.

ஹெட்போனை மாட்டிக்கொண்டு உட்கார்ந்தேன். அப்படி ஒரு தண்ணீரை நான் கேட்டதில்லை. இரைச்சல் இல்லை, அடி வயிற்றிலிருந்து வருகிற மாதிரி ஒரு முனகல். நடுவில் நாய்கள், ஒரு மாடு, சுவரில் முட்டிக்கொண்டே இருந்த ஏதோ பாத்திரம். அப்புறம் ஓர் ஆண் குரல். நல்ல கனத்த குரல், தெருவுக்கே கேட்கும்படி கத்திப் பழகிய குரல். முதலில் தூரத்தில் ஒருமுறை. பிறகு பக்கத்தில் மூன்று முறை. கடைசியாக ஒருமுறை, கொஞ்சம் தள்ளி. மொத்தம் ஐந்து. ஐந்தையும் வெட்டினேன். வெட்டிய இடத்தில் வேறு நிமிடத்துத் தண்ணீரை எடுத்து ஒட்டினேன். சுலபமில்லை, தண்ணீர் ஒரு வினாடி இருந்தது போல மறு வினாடி இருக்காது. இரண்டு நாள் ஆயிற்று. அந்த ஐந்து கூப்பாட்டையும் நூறு தடவையாவது கேட்டிருப்பேன். வைத்துக்கொண்ட சத்தத்தை எங்களைப் போன்றவர்கள் மறந்துவிடுவோம், வெட்டிய சத்தம்தான் மனதில் நிற்கும்.

யாரோ ஒருவன், அன்றைக்கு முடிச்சூரில் யார்தான் யாரைக் கூப்பிடவில்லை, அவன் வீடு போய்ச் சேர்ந்து டீ குடித்துக்கொண்டு அரசாங்கத்தைத் திட்டிக்கொண்டிருப்பான் என்று நினைத்தேன். சத்தியமாக அப்படித்தான் நினைத்தேன். ஏப்ரலில் என் டிஸ்க் நிரம்பிவிட்டது. மூன்று சீரியல் எபிசோடுகள் வாசலில் நின்றன. சுத்தம் செய்தது பத்திரமாக இருக்கிறதே என்று, சுத்தம் செய்யாததை அழித்தேன். சார் அதை ஒரு தடவைகூடக் கேட்டதில்லை. "வாணியிடம் கொடுத்தால் திரும்பிப் பார்க்க வேண்டாம்" என்று பெருமையாக எல்லோரிடமும் சொல்வார்.

அந்த ஒன்பது நிமிடம்தான் சாரைத் தூக்கிவிட்டது. படம் வெளிநாட்டு விழாக்களுக்குப் போயிற்று. டைட்டிலின் கடைசியில் ஓடிய பெயர் முன்னுக்கு வந்தது. இங்கே நான்கு படம், அவர் ஊரில் இரண்டு. புதாபெஸ்டில் தண்ணீர் இல்லாத ஒரு பழைய நிலத்தடித் தொட்டிக்குள், ஒரு மணி பத்து நிமிடத்தையும் இருட்டில் ஒலிக்க விட்டார். ஜனங்கள் பாயில் படுத்துக் கேட்டார்களாம். ஆளே இல்லாத தண்ணீர், உலகத்தின் முதல் நாள் இப்படித்தான் கேட்டிருக்கும் என்று ஒரு விமர்சகர் எழுதியிருந்தார். சார் அதை எனக்கு மொழிபெயர்த்துப் படித்துக் காட்டினார். நான் சந்தோஷப்பட்டேன், வீட்டில் கேசரி கிண்டினேன்.

பத்து வருடம் ஆகிறதே என்று அதையே சென்னையில் செய்வதாக ஏற்பாடு. செப்டம்பரில் சார் புதாபெஸ்டிலிருந்து வந்து இறங்கினார். ஒரு யூடியூப் சேனலுக்குப் பேட்டி கொடுத்தார். எந்த மாடி, எந்தத் தேதி, எத்தனை மணி என்று எல்லாம் சொன்னார். ரெக்கார்டர் எந்தத் தெருவைப் பார்த்து இருந்தது, இப்போது யார் ஸ்டுடியோவில் வேலை நடக்கிறது என்பதையும் சொன்னார்.

அக்டோபரில் ஒரு சனிக்கிழமை, சாயங்காலம் நாலு மணி. நானும் சாரும் வேலையில் இருந்தோம். படியில் செருப்புச் சத்தம், ஒரு அம்மாவும் பெண்ணும் வந்து நின்றார்கள். அம்மாவுக்கு நாற்பது, நாற்பத்திரண்டு இருக்கும். பெட்டியிலிருந்து எடுத்துக் கட்டிய புடவை, மடிப்பு கலையவில்லை. பெண்ணின் கழுத்தில் காலேஜ் அடையாள அட்டை.

"எம்பேரு பொன்னி மேடம். முடிச்சூர் ரோட்ல மீன் விக்கிறேன். இது எம்பொண்ணு நிஷா, பொத்தேரில படிக்குது. இதுதான் போன்ல அந்த சாரு பேசுறத காமிச்சுது."

பொன்னி. அந்த ஐந்து கூப்பாட்டிலும் இருந்த பெயர் அது.

உட்காரச் சொன்னேன். நாற்காலியின் விளிம்பில் உட்கார்ந்தாள். சாரைப் பார்த்து ஒரு கும்பிடு போட்டுவிட்டு என்னிடம்தான் பேசினாள்.

"எங்க வூட்டுக்காரரு கோபு. எங்குளுக்கு கோவளம் பக்கம் குப்பம் மேடம், கடல் தொழிலு. கல்யாணத்துக்கு அப்புறம் கடலே வேணாம்னு இங்க வந்து ஷேர் ஆட்டோ ஓட்டிகினு இருந்தாரு, தாம்பரத்துக்கும் முடிச்சூருக்கும். ஜெயவேலு அண்ணன் வூட்டுக்கு எதிர் சந்துல, கீழ் வூடு. அன்னிக்கு வெடியக்காலைல தண்ணி ஏறுது. வண்டிய மேட்டுல வுட்டு வரேன்னு போனாரு. அதுக்குள்ள பக்கத்து வூட்டு தனக்கோடி அண்ணன் என்னையும் புள்ளையையும் பின்பக்கமா அவங்க மாடிக்கு தூக்கினு பூட்டாரு. அந்த ரூம்ல புள்ளைங்க அழுத அழுகைல வெளில ஒண்ணும் கேக்கல. இவரு வரவே இல்ல. மூணு நாள் கழிச்சு ஆத்தோரமா கெடைச்சாரு. வண்டி முன்னாடியே கெடைச்சுது, ஓடைல கவுந்து கெடந்துது. எல்லாரும் ஆளாளுக்கு ஒண்ணு சொல்றாங்க. மாமியா இன்னி வரைக்கும் எங்கையால ஒரு வாய் தண்ணி வாங்கி குடிக்கல."

அவள் சொன்னதையெல்லாம் நான் சரியாகக் காதில் வாங்கவில்லை. காதை வைத்துப் பிழைக்கிறவள் நான். அந்த நேரத்தில் எனக்கு என் நெஞ்சு அடித்துக்கொள்வதுதான் கேட்டது. அவள் எதைக் கேட்க வந்திருக்கிறாள் என்பது மட்டும் தெரிந்துவிட்டது.

"அந்த மெசின்ல எங்க வூட்டுக்காரரு கொரலு ஏதனா இருக்குதா மேடம்?"

அவள் கண்ணில் பயம் இருந்தது. அந்தப் பயத்துக்கு நானே ஓர் அர்த்தம் கற்பித்துக்கொண்டேன். புருஷன் கீழே தண்ணீரில் நின்று ஐந்து தடவை பெயர் சொல்லிக் கூப்பிட்டிருக்கிறான், இவள் பின்பக்கத்து மாடியில் இருந்து அது கேட்காமல் போயிருக்கிறது. இதைச் சொன்னால் இந்தப் பெண் இனி எப்படித் தூங்குவாள்? அது ஒரு நினைப்பு. இன்னொன்றையும் ஒளிக்காமல் சொல்கிறேன். இருக்கிறது என்று சொன்னால் போட்டுக் காட்டு என்பாள். குப்பை என்று அழித்துவிட்டேன் என்று சொல்ல வேண்டியிருக்கும், அதுவும் சார் முன்னால். இரக்கமும் பயமும் ஒரே பக்கம் இழுத்தன.

"இல்லம்மா. தண்ணி சத்தம் மட்டும்தான்" என்றேன்.

சார் தன் அரைகுறைத் தமிழில் எனக்குச் சாட்சி சொன்னார். "இவங்க கேட்டாங்க. எல்லா செகண்டும். நூறு தடவை. இவங்க சொன்னா சரி." அவர் என்மேல் வைத்த நம்பிக்கை என்னை ஊசியால் குத்தியது.

பொன்னி தரையைப் பார்த்தாள். அழுவாள் என்று டிஷ்யூ டப்பாவை நகர்த்தி வைத்தேன், முட்டாள் மாதிரி. அவள் அழவில்லை. மகளைத் திரும்பிப் பார்த்து, "நான் சொல்லல? அவரு வரல" என்றாள்.

"ம்மா, அப்படி இல்லம்மா" என்றாள் நிஷா.

"இன்னா இல்ல? வூட்டாண்ட வந்திருந்தா கூப்டிருக்க மாட்டாரா? தாம்பரம் ஸ்டேசன்ல நின்னு கூவுனா அடுத்த ஸ்டேசன் சானடோரியம் வரைக்கும் கேக்கும் அந்தக் கொரலு." பிறகு என்னிடம் சொன்னாள். "மொத நாளு எங்குளுக்குள்ள சண்ட மேடம். எப்பப் பார்த்தாலும் வண்டி வண்டின்னு தொடச்சிகினு கெடப்பாரு. உனுக்கு வண்டிதான் பொண்டாட்டி, அத்தயே கட்டிகினு அழுன்னுட்டேன். அதான் கடைசியா பேசுனது. ஊரே சொல்லுது, நீச்சல் தெரிஞ்சவன் எப்டி சாவான், வண்டிய வுட மனசில்லாம புடிச்சிகினு அத்தோட பூட்டான்னு. மாமியாவும் அதான் சொல்லுது, நான் சொன்ன சொல்லுதான் புள்ளைய வாரிகினு பூட்ச்சுன்னு. நான் மட்டும் பத்து வருசமா இல்லன்னு சண்ட போட்டுகினு கீறேன். வண்டிய வுட்டுட்டு எங்கள தேடிதான் வந்திருப்பாருன்னு. சாரு அந்தத் தெருவ பார்த்து மெசின் வெச்சிருந்தேன்னு சொன்னாரா, சரி, தெரிஞ்சிரும்னு வந்தேன்."

வந்தானா இல்லையா, அதுதான் அவளுடைய கேள்வி. அவன் வந்தான். வண்டியை விட்டுவிட்டு, தண்ணீரில் நடந்து, தன் வீட்டு வாசல் வரை வந்து கூப்பிட்டான். உலகத்தில் அது தெரிந்த ஒரே ஆள் நான். அப்படிப்பட்ட நான்தான் இல்லை என்று சொல்லிவிட்டேன்.

"பொன்னிம்மா, ஒரு நிமிஷம். நான் பொய் சொல்லிட்டேன்" என்றேன். "அவர் குரல் இருந்தது. நான்தான் வெட்டினேன். அஞ்சு தடவை கூப்பிட்டார். உங்க வாசல்லதான் நின்னு கூப்பிட்டிருக்கணும், அவ்வளவு பக்கத்துல கேட்டுச்சு. பதிவு இப்ப இல்ல, அழிச்சுட்டேன். ஆனா இருந்தது. அவர் வந்தார்."

சார் எழுந்து நின்றார். "வாணி?" என்றார்.

நான் கம்ப்யூட்டரில் பழைய கோப்பைத் திறந்தேன். வெட்டிய இடங்கள் அதில் கோடுகளாக இருந்தன. பதினேழாவது நிமிடத்தில் ஒன்று, இருபத்திரண்டில் தொடங்கி அடுத்தடுத்து மூன்று, இருபத்தாறில் ஒன்று. "இதோ, இங்கதான்" என்று ஒலிக்க விட்டேன். நிஷா ஸ்பீக்கர் பக்கத்தில் தலையைச் சாய்த்துக் கேட்டாள். தண்ணீர். மறுபடியும் வைத்தேன். தண்ணீர். ஒட்டுப் போட்ட இடம்கூடத் தெரியவில்லை. தெரிந்திருந்தால் அதையாவது காட்டியிருப்பேன். என் வேலையை நானே சபித்தது அன்றைக்குத்தான்.

"தண்ணிதான் மேடம் கேக்குது" என்றாள் பொன்னி, எனக்காக வருத்தப்படுகிற மாதிரி. பிறகு மெதுவாகக் கேட்டாள். "இன்னா சொல்லிக் கூப்ட்டாரு?"

அவள் முகம் அப்போது மாறியது. பத்து வருடத்தை அப்படியே இறக்கி வைக்க இடம் தேடுகிறவள் முகம்.

"பொன்னின்னு கூப்பிட்டார். அஞ்சு தடவையும் பொன்னின்னுதான். நடுவுல, 'பொன்னி, புள்ளைய தூக்கிக்கோ, நான் வந்துட்டேன்'னார்."

முகம் அப்படியே மூடிக்கொண்டது. நிஷாவும் தலையைக் குனிந்துகொண்டாள். நான் இரண்டு பேரையும் மாறி மாறிப் பார்த்தேன், எதில் தப்பு செய்தேன் என்று தெரியாமல்.

"அவரு என்னிய பேரு சொல்லி கூப்ட்டதே இல்ல மேடம்" என்றாள் பொன்னி. "எங்க ஆளுங்கள்ல பொண்டாட்டி பேர சொல்ல மாட்டாங்க. மொதல்லலாம் 'இந்தாமே'ன்னுவாரு. புள்ள பொறந்தப்புறம் 'நிஷா'ன்னுதான் கூவுவாரு, ரெண்டு பேருமே திரும்புவோம். ஒரு நாள் கூட பொன்னின்னு சொல்லி நான் கேட்டதில்ல. எம்பேரு நான் வந்தவொடனே உங்களாண்ட சொன்னேன், அத்த வெச்சு சொல்றீங்க."

"இல்லம்மா! பத்து வருஷமா எனக்குத் தெரியும் அந்தப் பேரு!"

"நல்ல மனசு மேடம் உங்குளுக்கு. நான் ஒடைஞ்சு பூட்டேன்னு பார்த்துட்டு சொல்றீங்க."

சார் குறுக்கே வந்தார். "அம்மா, வாணி சொல்றது உண்மை."

"சாரு, நீங்களும் மொதல்ல இல்லன்னுதான சொன்னீங்க? இவங்க இல்லன்னா இல்லன்றீங்க, ஆமான்னா ஆமான்றீங்க." கோபமே இல்லாமல் கேட்டாள். "நீங்க கேட்டீங்களா அந்தக் கொரல?"

அவர் நாற்காலியில் உட்கார்ந்துவிட்டார். "நான் கீழே, வீட்டுக்குள்ளே இருந்தேன். சாமான் தூக்கினேன்" என்றார். "நான் கேட்கவில்லை. அப்புறமும் கேட்கவில்லை." அந்த ஒரு மணி பத்து நிமிடத்தை வைத்து அவருக்குக் கிடைத்த படங்கள், விழாக்கள், கைதட்டல் எல்லாம் அந்த நேரத்தில் அவர் தோளில் வந்து உட்கார்ந்ததை நான் பார்த்தேன். டிசம்பர் நிகழ்ச்சி அங்கேயே முடிந்தது. இனி அந்தத் தண்ணீரை எங்கேயும் ஒலிக்க விடுவதில்லை என்று மறுநாள் சொன்னார். அதனால் பொன்னிக்கு என்ன லாபம்?

நிஷாதான் விடவில்லை. "மேடம், எப்படிக் கூப்பிட்டாருன்னு ஞாபகம் இருக்கா? அதே மாதிரி கூப்பிட்டுக் காட்டுங்களேன். எங்கப்பா டோன் எனக்குத் தெரியும். அப்ப எட்டு வயசுன்னாலும் தெரியும்."

எனக்கு அப்படியே ஞாபகம் இருந்தது. கடைசி எழுத்தை இழுத்து, இழுத்த இடத்தில் ஒரு ஏற்றம் ஏற்றி, மூச்சு முட்டும்போது டக்கென்று விடுவது. எழுந்து நின்று, கண்ணை மூடிக்கொண்டு கூப்பிட்டேன். வந்தது என் கட்டைக் குரல். கீழே ஹார்டுவேர் கடையில் யாரோ சிரித்தார்கள். கண்ணைத் திறந்தபோது நிஷா உதட்டைக் கடித்துக்கொண்டு இல்லை என்று தலையாட்டினாள். பொன்னி இரண்டு காதையும் பொத்திக்கொண்டிருந்தாள்.

"வேணாம் மேடம். அவரு கூப்டாத பேர அவரு மாதிரி யாரும் கூப்ட வேணாம்."

நான் அவள் கையைப் பிடித்துக்கொண்டேன். எனக்கு ஒரே பையன், கீபோர்டு வகுப்புக்குப் போயிருந்தான். அவன் தலைமேல் சத்தியம் என்று ஆரம்பித்தேன். பொன்னி என் வாயைப் பொத்தினாள். சோப்புப் போட்டுக் கழுவியும் போகாத மீன் வாசனை அந்தக் கையில் இருந்தது.

"புள்ள மேல சத்தியம் பண்ணாதீங்க. அதுவும் எனக்கோசரம் பண்ணவே பண்ணாதீங்க" என்றாள். நான் அழுதுகொண்டிருந்தேன். அவள் என் முதுகைத் தடவிவிட்டாள். ஆறுதல் சொல்ல வேண்டியவள் நான்.

பிறகு புடவையை உதறிச் சரிசெய்துகொண்டு, மகளின் தோளைத் தொட்டாள்.

"வா நிஷா. உங்கப்பா வண்டிக்குத்தான் பூட்டாரு, பரவால்ல வுடு. அந்த வண்டியும் நமக்கோசரந்தான வாங்குனாரு."

நிஷா அம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டாள். இரண்டு பேரும் படி இறங்கிப் போனார்கள்.